முதுகைத் திருப்பி உட்கார்ந்தவர்

என் அக்கா வீட்டுக்காரர் இருபத்திரண்டு வருஷம் குத்துச்சண்டை மேடைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர். அதில் ஒரு சண்டையைக்கூட அவர் முழுதாகப் பார்த்ததில்லை. சொன்னால் யாரும் நம்புவதில்லை. கல்யாண வீட்டிலேயே இருந்துகொண்டு மாப்பிள்ளையைப் பார்க்கவில்லை என்கிறாயே என்று என்னைத்தான் கிண்டல் செய்வார்கள். ஆனால் அதுதான் உண்மை. அவரைப் பற்றி எழுத உட்கார்ந்தால் அதைத்தான் முதலில் சொல்ல வேண்டியிருக்கிறது, நடந்த வினையெல்லாம் அதிலிருந்துதான் பிறந்தது. என் பங்கும் அதில் இருக்கிறது. அது என்ன என்று இப்போதே சொல்லிவிட்டால் நீங்கள் மேலே படிக்கமாட்டீர்கள்.

அத்தானுக்குப் பகலில் ஆஸ்பத்திரி வேலை. எட்டுப் படுக்கை உள்ள சின்ன ஆஸ்பத்திரி. அதில் கட்டுப் போடும் அறை அவருடையது. சைக்கிளிலிருந்து விழுந்த முழங்கால், தையல் மெஷினில் மாட்டிய விரல், எண்ணெய் தெறித்த கை எல்லாம் அவரிடம்தான் வரும். அக்காவுக்குக் கல்யாணமான புதிதில் நான் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். டம்ளர் உடைந்து என் உள்ளங்கை கிழிந்துவிட்டது. அத்தான் என்னை எதிரே உட்காரவைத்து, கிரிக்கெட்டைப் பற்றி ஏதோ கேட்டுக்கொண்டே இருந்தார். பொறுத்துப் பார்த்துவிட்டு, எப்போது ஆரம்பிப்பீர்கள் என்று கேட்டேன். வீடே சிரித்தது. அவர் கட்டி முடித்து அஞ்சு நிமிஷம் ஆகியிருந்தது.

சனிக்கிழமை சாயந்திரம் அவர் சண்டை அரங்குக்குப் போவார். ரயில் நிலையத்துக்குப் பின்னால் தகரக் கூரை போட்ட பெரிய கொட்டகை அது. ஆயிரம் பேர் உட்காரும் இடத்தில் ஆயிரத்து ஐந்நூறு பேர் நெருக்கிக்கொண்டு உட்காருவார்கள். மேடையின் நீல மூலையில் நிற்கும் ஆளுக்குக் கட்டுப் போடுவது அவர் பொறுப்பு. ஒரு சுற்று முடிந்து அடுத்தது ஆரம்பிக்க ஒரு நிமிஷம் கிடைக்கும். அதற்குள் கிழிந்த புருவத்தை மருந்தில் நனைத்த பஞ்சால் அழுத்தி ரத்தத்தை நிறுத்த வேண்டும். ஐஸில் கிடந்த இரும்புத் தகட்டை வீங்கிய கன்னத்தில் வைத்து அமுக்க வேண்டும். எல்லாம் செய்து முடித்து, ஆளைத் திரும்ப அடி வாங்க அனுப்ப வேண்டும். அவர் காதில் எப்போதும் நாலு பஞ்சுக் குச்சி செருகியிருக்கும். அதனால் சண்டைக்காரர்கள் அவருக்குப் பஞ்சு என்று பேர் வைத்திருந்தார்கள். வயதில் சின்னவர்கள் பஞ்சண்ணன் என்பார்கள்.

சேர்ந்த முதல் மாசம் மட்டும் சண்டையைப் பாதிவரை பார்த்திருக்கிறார். வீட்டுக்கு வந்து தட்டின் முன் உட்கார்ந்தால் குமட்டிக்கொண்டு வரும். காயத்தைப் பார்ப்பதில் அவருக்குச் சங்கடம் ஒன்றுமில்லை. காயம் உண்டாவதைத்தான் பார்க்க முடியவில்லை. அந்த வேலையைத் தலைமுழுகுங்கள் என்று அக்கா சண்டை போட்டாள். அவர் கேட்கவில்லை. நான் போகாவிட்டால் எவனாவது அரைகுறை வந்து உட்காருவான் என்றார். மறுவாரம் ஸ்டூலைத் திருப்பிப் போட்டுக்கொண்டார். மேடைக்கு முதுகு, கூட்டத்துக்கு முகம். சுற்று நடக்கிற மூன்று நிமிஷமும் குனிந்து பஞ்சு உருட்டிக்கொண்டிருப்பார். மணி அடித்தால் எழுந்து திரும்புவார்.

ஆனால் துண்டு அவர் தோளில் இருந்தது. வெள்ளைத் துண்டை மேடைக்குள் எறிந்தால் அத்தோடு சண்டை முடிந்தது, அந்த மூலை தோற்றது. பல இடங்களில் அதைப் பயிற்சியாளர்தான் எறிவார். அந்த அரங்கில் ஒரு பயிற்சியாளர் வீறாப்பில் எறியாமல் நின்று, அவருடைய ஆள் செத்துப்போனான். அன்றிலிருந்து துண்டு கட்டுப் போடுகிறவர் தோளில்தான் இருக்க வேண்டும் என்று ஏற்பாடு. முதுகைத் திருப்பி உட்கார்ந்திருப்பவருக்கு எப்போது எறிவது என்று எப்படித் தெரியும்? காதால் தெரியும். அடி விழும்போது கூட்டம் போடும் சத்தத்தில் ஓர் ஆசை இருக்கும் என்பார். அந்தச் சத்தம் எவ்வளவு பெரிதானாலும் அவர் அசையமாட்டார். திடீரென்று கத்திக்கொண்டிருக்கும்போதே முன்வரிசையில் குரல் அறுந்துபோகும். எங்கிருந்தோ ஒருவர், “போதும், விடுங்கப்பா” என்பார். காசு கொடுத்து அடியைப் பார்க்க வந்த அதே வாய்தான். அந்த முதல் ‘போதும்’ காதில் விழுந்ததும் அத்தான் திரும்பிக்கூடப் பார்க்காமல் துண்டைத் தோளுக்கு மேலே பின்பக்கமாக எறிந்துவிடுவார். இருபத்திரண்டு வருஷத்தில் நீல மூலையில் ஓர் உயிர் போகவில்லை. பஞ்சு இருந்தால் நடந்தே வீட்டுக்குப் போகலாம் என்று சண்டைக்காரர்கள் சொல்லிக்கொள்வார்கள்.

நான் பள்ளிக்கூடத்தில் சரித்திரம் நடத்துகிறவன். வகுப்பில் பேசியது போதாதென்று அக்கா வீட்டுச் சாப்பாட்டு மேஜையிலும் பேசுவேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை, உங்கள் வேலைக்கு ரெண்டாயிரம் வயசு என்று அத்தானிடம் ஆரம்பித்தேன். வட்டமான கல் அரங்கம், அதில் ஐம்பதாயிரம் பேர், ரத்தம் உறிஞ்ச மணல், வெயில் படாமல் மேலே துணிப் பந்தல், காயத்துக்குக் கட்டுப் போட வைத்தியர்கள் என்று நான் அளந்துகொண்டே போனேன். அத்தான் கேட்டது ஒரே கேள்வி.

“அங்க துண்ட யாரு போடுவாங்க?”

“துண்டெல்லாம் கிடையாது அத்தான். தோத்தவன் ஒரு விரலத் தூக்குவான். கூட்டம் கத்தும். விடுன்னு கத்தினா அரசர் பெரும்பாலும் விட்டுருவார்.”

“அப்ப எங்க இடம் மாதிரிதான்,” என்றார் திருப்தியாக.

நான் அதோடு நிறுத்தியிருக்கலாம். வாத்தியாருக்கு ஏது நிறுத்தம்? அதற்குப் பிறகு சதுக்கங்களில் தூக்குப் போட்டதையும், அதை வசதியாகப் பார்க்கப் பணக்காரர்கள் எதிர்வீட்டு ஜன்னல்களை வாடகைக்கு எடுத்ததையும் சொன்னேன். பிறகு டிக்கெட் வந்தது, கையுறை வந்தது, விதிகள் வந்தன, டிவி வந்தது. மனிதன் கொஞ்சம் கொஞ்சமாகத் திருந்தி வருகிறான் என்பது அன்றைக்கு என் கட்சி. அத்தான் மோரை ஊற்றிக்கொண்டே, ஜன்னலிலிருந்து கத்தினால் கீழே கேட்குமா என்றார். அவருக்கு ஒன்றும் புரியவில்லை என்று நினைத்துச் சிரித்தேன். சரித்திரம் படித்தவன் நான். புரிந்தது அவருக்கு.

கொட்டகையை இடித்தார்கள். இப்போது அந்த இடத்தில் நாலு மாடிக்குக் கார்களை அடுக்கி வைக்கிறார்கள். இரண்டு வருஷம் அத்தான் சனிக்கிழமைகளில் என்ன செய்வதென்று தெரியாமல் வீட்டுக் குழாய்களையெல்லாம் கழற்றி மாட்டினார். அக்கா தலையில் அடித்துக்கொண்டாள். அப்போதுதான் ஒரு கம்பெனியிலிருந்து ஆட்கள் வந்தார்கள். ஊருக்கு வெளியே உயரமான மதில் போட்ட பங்களா. அதில் தண்ணீரை வடித்துவிட்ட நீச்சல்குளத்துக்குள் மேடை. நாலு பக்கமும் நீல ஓடு பதித்த சுவர். குளத்தைச் சுற்றி மெத்தை வைத்த நாற்பது நாற்காலி. அரங்கில் இருந்த அதே ஏற்பாடு என்று சொல்லித் துண்டை அவர் கையில் கொடுத்திருக்கிறார்கள். நடுவரும் உண்டு. ஆனால் அவர் கம்பெனி ஆள். துண்டு விழாமல், மணி அடிக்காமல் நிறுத்தக்கூடாது என்று அவருக்கு உத்தரவு.

முதல் இரண்டு தடவை எல்லாம் ஒழுங்காகத்தான் நடந்தது. நாற்பது பேரும் நாகரிகமானவர்கள், கொட்டகைபோலக் கத்தவில்லை. ஆனாலும் மூச்சை இழுப்பதும் உச்சுக் கொட்டுவதும் கேட்டது. இரண்டாம் தடவை ஒரு பெண்மணி, “ஐயோ, போதுமே” என்றதும் அத்தான் துண்டை எறிந்துவிட்டார். அது கம்பெனிக்குப் பிடிக்கவில்லையோ, வந்தவர்களுக்கு அங்கே தங்கள் முகம் தெரிவது பிடிக்கவில்லையோ, மூன்றாம் தடவை நாற்காலிகளை எடுத்துவிட்டார்கள். இனி ஆள் யாரும் வரமாட்டார்கள், உறுப்பினர்கள் அவரவர் வீட்டிலிருந்து போனிலேயே பார்ப்பார்கள் என்று வாசலிலேயே அத்தானிடம் சொன்னார்கள். சரி என்று தலையாட்டிவிட்டு, உள்ளே போய் வழக்கம்போல ஸ்டூலைத் திருப்பிப் போட்டார். நாற்காலி இல்லாவிட்டால் தன் காதுக்கு வேலை இல்லை என்பது அவருக்குத் தோன்றவில்லை. இருபத்திரண்டு வருஷப் பழக்கம் அது. எவனாவது ஒரு முட்டாள், அன்று ஒரு தடவை திரும்பிப் பார்த்திருக்கக்கூடாதா என்று கேட்டால் எனக்கு இப்போதும் கோபம் வரும். அப்படிக் கேட்க உலகத்தில் ரொட்டிக்காரன் பெண்டாட்டி ஒருத்திக்குத்தான் உரிமை உண்டு.

ரொட்டிக்காரன் என்றது அன்று நீல மூலையில் நின்றவனை. ரொட்டிக் கடையில் மாவு பிசைகிறவன், இருபத்தெட்டு வயது. முன்கை முழுக்க அடுப்புச் சூடு பட்ட தழும்பு. பழைய அரங்கில் பதினோரு தடவை அத்தான் மூலையில் நின்றிருக்கிறான். கம்பெனிக்காரர்கள் கூப்பிட்டபோது, பஞ்சண்ணன் இருந்தால் வருகிறேன் என்றுதான் ஒத்துக்கொண்டிருக்கிறான்.

இனி என் பங்கு. இரண்டாம் தடவை முடிந்து பங்களா வேலையைப் பற்றி அத்தான் சொன்னபோது அக்காவின் முன்னால் நான் பெரிதாகக் குதித்தேன். கேவலம், இது காட்டுமிராண்டித்தனம், படித்தவன் எவனாவது இதைப் பார்ப்பானா என்றெல்லாம் வாய் கூசாமல் பேசினேன். அந்த வாரமே பள்ளிக்கூடத்தில் விஞ்ஞான வாத்தியார் ஒருவர், அதே பங்களாச் சண்டையை இனி இதிலேயே பார்க்கலாம் என்று தன் போனைக் காட்டினார். ஐந்தாம் நாள் நானும் வேறொரு பேரில் உறுப்பினரானேன். காரணம் கேட்டால் ஆயிரம் சொல்வேன். அத்தான் மாட்டிக்கொள்வாரோ என்ற கவலை, சரித்திர ஆசிரியரின் ஆராய்ச்சி, எல்லாம் சொல்லிப் பார்த்திருக்கிறேன். பார்க்க ஆசையாக இருந்தது, அவ்வளவுதான்.

மூன்றாம் தடவை நடந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் மூன்று மணிக்கு. மனைவியும் பிள்ளைகளும் சினிமாவுக்குப் போயிருந்தார்கள். யாரும் இல்லாத வீட்டில் படுக்கையறைக் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டேன். போனைத் திறந்தால், ‘வருக, அரசே’ என்று எழுத்து வந்தது. நான் நடத்தும் அதே பாடத்தைக் கம்பெனிக்காரனும் படித்திருக்கிறான் என்று எனக்குச் சிரிப்பு வந்தது. மேலே ஓர் எண் தெரிந்தது, நானூற்றுப் பன்னிரண்டு பேர் பார்க்கிறோம் என்று. கீழே இரண்டு பொத்தான்கள். ஒன்றில் ‘தொடரட்டும்’ என்றும் மற்றதில் ‘போதும்’ என்றும் எழுதியிருந்தது. பாதிப் பேர் ‘போதும்’ அழுத்தினால் மணி அடிக்கும். திரையின் மூலையில் ஒரு ஸ்டூலும், அதில் மேடைக்கு முதுகு காட்டி உட்கார்ந்திருக்கும் ஒருவரும் தெரிந்தார்கள். அந்த முதுகு யாருடையது என்று எனக்குத் தெரியாதா?

முதல் மூன்று சுற்றில் ரொட்டிக்காரன் கைதான் ஓங்கியிருந்தது. நாலாவதில் இடது பொட்டில் ஒரு அடி வாங்கினான். வெளியே ரத்தமோ வீக்கமோ இல்லை, இடைவேளையில் அத்தான் முகத்தைத் துடைத்து அனுப்பிவிட்டார். அதற்குப் பிறகு அவன் கால்கள் அவன் பேச்சைக் கேட்கவில்லை. ஐந்தாம் சுற்றில் கையுறைகளைத் தொங்கவிட்டுக்கொண்டு கயிற்றில் சாய்ந்து நின்றான். எதிராளி நிறுத்தி நிதானமாக அடித்தான். போனில் ஆரவாரம் காதைப் பிளந்தது. படத்தில் மேடை மட்டும்தான் தெரிந்தது, ஆனால் ஒரு பெரிய கூட்டம் எழுந்து நின்று கத்துகிற சத்தம். ‘போதும்’ பொத்தானுக்குப் பக்கத்தில் முப்பத்தொன்று என்று காட்டியது. என் விரல் அதன்மேல்தான் இருந்தது. நான் ஒருத்தன் அழுத்தி முப்பத்திரண்டு ஆகி என்ன ஆகப்போகிறது என்று நினைத்தேன். அவ்வளவு கூட்டம் அங்கே இருக்கிறது, யாராவது சொல்வார்கள் என்று நினைத்தேன். அத்தான் இருக்கிறார், இதோ எழுந்துவிடுவார் என்று நினைத்தேன். இப்படி நினைத்துக்கொண்டே கடைசிவரைக்கும் பார்த்தேன். ரொட்டிக்காரன் விழுந்து, எழுந்திருக்காமல், கால் மட்டும் இழுத்துக்கொண்டபோது படம் அணைந்து, ‘நன்றி, அரசே’ என்று வந்தது.

அன்று சாயந்திரம் ஆறு மணிக்கு அக்கா போன் செய்தாள். அத்தான் பெரிய ஆஸ்பத்திரியில் இருக்கிறார், அவருக்கு ஒன்றுமில்லை, ஆனால் வாயைத் திறக்கமாட்டேன் என்கிறார், நீ வா என்றாள். போனேன். மாடிப் படிக்கட்டுக்குப் பக்கத்தில் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். தோளில் துண்டு அப்படியே இருந்தது, ஒரு சொட்டு ரத்தம் இல்லாமல். என்னைப் பார்த்ததும் கையைப் பிடித்துக்கொண்டார்.

“ஒரு சத்தம் இல்லடா. ஒரு மூச்சுச் சத்தம்கூட இல்ல. வெறும் அடி விழற சத்தம் மட்டுந்தான். எல்லாரும் சும்மா இருக்காங்களே, அப்ப ஒண்ணும் பெருசா இல்லன்னு நெனச்சு உக்காந்திருந்தேன்டா.”

அவ்வளவு சத்தம் கேட்டதே என்று நாக்கு நுனிவரை வந்துவிட்டது. பல்லைக் கடித்து முழுங்கினேன். அப்போதுதான் எனக்குப் புரிந்தது. அந்த ஆரவாரம் அங்கே இல்லை. எங்கேயோ என்றைக்கோ பதிவு செய்து வைத்ததை எங்கள் போன்களில் மட்டும் ஓடவிட்டிருக்கிறார்கள். இல்லாத கூட்டத்தை நம்பி நான் சும்மா இருந்தேன். இருந்த கூட்டத்தின் குரல் அவருக்குப் போய்ச் சேரவில்லை. கல் அரங்கத்தில் வெறிபிடித்துக் கத்தினவர்களுக்கு ஒரு வாய் இருந்தது, ஒருத்தன் போதும் என்றால் பக்கத்தில் இருப்பவனும் சொல்வான். எங்களை நானூற்றுப் பன்னிரண்டு படுக்கையறைகளில் பிரித்துப் போட்டு, தாழ்ப்பாளையும் எங்களையே போட்டுக்கொள்ள வைத்துவிட்டார்கள். இதையெல்லாம் நான் அந்தப் படிக்கட்டிலேயே யோசித்து முடித்தேன். அத்தானிடம் சொன்னது ஒன்றுதான். உங்கள் மேல் தப்பில்லை அத்தான் என்றேன்.

எட்டு மாசம் அதையே சொன்னேன். ரொட்டிக்காரன் பிழைத்துவிட்டான், ஆனால் வலது பக்கம் விழுந்துவிட்டது, பேச்சும் போய்விட்டது. அத்தான் ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் அவன் வீட்டுக்குப் போய்க் கை காலைப் பிடித்து நீவிவிட்டு வருவார். வரும் வழியில் என் வீட்டுக்கு வந்து, ஒரு தடவை திரும்பிப் பார்க்காமல் விட்டேனே என்று அழுவார். நான் டீ போட்டுக் கொடுத்து, தோளைத் தட்டி ஆறுதல் சொல்வேன். என் மனைவிகூட, உங்களுக்கு இவ்வளவு பொறுமை எங்கிருந்து வந்தது என்று ஆச்சரியப்பட்டாள். அவர் ஒவ்வொரு தடவை அழும்போதும் இன்றைக்குச் சொல்லிவிட வேண்டும் என்று நினைப்பேன். பிறகு தலைமையாசிரியர் முகம் ஞாபகம் வரும், அக்கா முகம் வரும். அடுத்த வாரம் பார்த்துக்கொள்ளலாம் என்று மென்று முழுங்கிவிடுவேன்.

இதற்கிடையில் கம்பெனிக்காரர்கள் கையை விரித்தார்கள். பங்களாவில் சண்டையே நடக்கவில்லை, அவன் உடற்பயிற்சி செய்யும்போது வழுக்கி விழுந்தான் என்று எழுதிக் கொடுத்துவிட்டார்கள். படம் எதுவும் மிஞ்சவில்லை, பார்த்து முடித்ததும் தானாக அழிந்துவிடும் ஏற்பாடு அது. எதிராளி எந்த ஊர் என்றுகூடத் தெரியவில்லை. ரொட்டிக்காரன் பெண்டாட்டி ஒரு வக்கீலைப் பிடித்தாள். அத்தான் நானாயிற்று என்று சாட்சி சொல்லப் போனார். சண்டை நடந்தது உண்மை, நான் அங்கேயே இருந்தேன் என்றார். என்ன பார்த்தீர்கள் என்று வக்கீல் கேட்டார். முதுகைத் திருப்பி உட்கார்ந்திருந்தேன் என்று இவர் சொன்னதும் வக்கீல் பேனாவை மூடி வைத்துவிட்டாராம். கண்ணால் பார்த்த ஒருத்தர் வேண்டும் என்று சொல்லி அனுப்பிவிட்டார். அப்படி ஓர் ஆள் கிடைத்தால் ரொட்டிக்காரன் ஆயுசுக்கும் கம்பெனி வைத்தியச் செலவு பார்க்க வேண்டிவரும். கிடைக்காவிட்டால் ஒன்றுமில்லை.

இதை அவளிடம் சொல்லத் தனக்கு வாய் வராது, நீயும் கூட வா என்று அத்தான் என்னைக் கூப்பிட்டார். மாட்டேன் என்று சொல்ல எனக்கு ஒரு காரணமும் கிடைக்கவில்லை.

இரண்டாம் மாடியில் ஒற்றை அறை வீடு. ஜன்னலோரம் நாற்காலியில் ரொட்டிக்காரனைச் சாய்த்து உட்காரவைத்து, நழுவாமல் இருக்க இடுப்பில் ஒரு புடவையைச் சுற்றிக் கட்டியிருந்தாள். அவன் கண்கள் எங்களோடு வந்தன. அந்தப் பெரிய முன்கைகளில் ஒன்று மடியில் செத்தது போலக் கிடந்தது. அவள் அதே ரொட்டிக் கடையில் பிஸ்கட் பொட்டலம் போடுகிறவள், வேலையிலிருந்து அப்போதுதான் வந்திருந்தாள். அத்தான் தரையில் உட்கார்ந்து, அவன் காலைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டு, வக்கீல் சொன்னதைத் தயங்கித் தயங்கிச் சொன்னார். அவள் அழவில்லை. நூற்றுக்கணக்கில் பார்த்தார்களாமே, அதில் ஒருத்தர்கூட மனுஷர் இல்லையா என்று கேட்டாள். அவர்களை எங்கே போய்த் தேடுவது, ஒருத்தர் பேர்கூடத் தெரியாதே என்றார் அத்தான். பிறகு, பேச்சை மாற்றுவதற்காகவோ என்னவோ, என்னைக் காட்டினார்.

“எல்லாரும் அப்படி இல்லம்மா. இவன் என் மச்சான். எட்டு மாசமா எனக்குத் தெம்பு சொல்றது இவன் ஒருத்தன்தான். இவன் இல்லன்னா நான் என்னைக்கோ போயிருப்பேன்.”

என்னால் அதற்கு மேல் அந்த அறையில் அப்படி உட்கார்ந்திருக்க முடியவில்லை.

“நான் பாத்தேன்,” என்றேன்.

இரண்டு பேருக்கும் முதலில் புரியவில்லை. போனில் பார்த்தேன், முழுச் சண்டையும் பார்த்தேன், வேறு பேரில் பணம் கட்டிப் பார்த்தேன் என்று மூன்று தடவை சொல்ல வேண்டியிருந்தது. அத்தான் கை ரொட்டிக்காரன் கால்மேல் அப்படியே நின்றுவிட்டது. அவள்தான் கேட்டாள். என்ன நடந்தது என்று இதுவரை எனக்கு யாரும் சொல்லவில்லை, இவரால் சொல்ல முடியாது, அவர் பார்க்கவில்லை, நீங்கள் சொல்லுங்கள் என்றாள்.

சொன்னேன். முதல் சுற்றிலிருந்து சொன்னேன். எந்தக் கையால் அடித்தான், எங்கே பட்டது, எப்படித் தடுத்தான் எல்லாம் ஒன்று விடாமல் நினைவில் இருந்தது. ரொட்டிக்காரன் ஜெயித்துக்கொண்டிருந்ததைச் சொன்னபோது அவன் இடது கை விரல்கள் மடங்கின. எனக்கு உற்சாகம் வந்துவிட்டது. எழுந்து நின்று, கையை மடக்கி, நாலாம் சுற்று அடியை அப்படியே செய்து காட்டினேன். வகுப்பில் போர்களை நடத்தும் அதே குரலில் சொல்லிக்கொண்டிருந்தேன். பாதியில் என் காதிலேயே அது விழுந்தது. நான் அதை ரசித்துச் சொல்லிக்கொண்டிருந்தேன், அவன் பெண்டாட்டியிடம், அவன் முன்னாலேயே. மீதியைத் தரையைப் பார்த்துக்கொண்டு சொல்லி முடித்தேன்.

“அவர் கயித்துல சாஞ்சு நின்னார்னீங்களே. அப்ப நீங்க என்ன பண்ணிட்டு இருந்தீங்க?”

பூசி மெழுகலாம் என்று பார்த்தேன். நாற்காலியிலிருந்து அவன் என்னையே பார்த்துக்கொண்டிருந்தான்.

“முகம் சரியாத் தெரியல. போனக் கண்ணுக்குக் கிட்ட கொண்டுபோய்ப் பாத்தேன்,” என்றேன்.

அவள் எழுந்து அலமாரியிலிருந்து கோடு போட்ட ஒரு நோட்டையும் பேனாவையும் எடுத்துவந்து என் முன்னால் வைத்தாள்.

“வக்கீலுக்கு எழுதிக் குடுங்க. இதையும் சேத்து எழுதுங்க.”

எழுதினேன். என் பேர், வேலை, பள்ளிக்கூடத்தின் பேர், எந்தப் பேரில் உறுப்பினரானேன், எல்லாம் எழுதினேன். நாலு பக்கம் வந்தது. அவளுக்கு வேகமாகப் படிக்க வராது. சத்தமாகப் படியுங்கள், இவரும் கேட்கட்டும் என்று நோட்டை அத்தானிடம் கொடுத்தாள். அவர் எழுந்து நின்று, வெளிச்சத்தில் பிடித்துக்கொண்டு படித்தார். தன் ஆள் ஒருத்தன் அடி வாங்குவதை முதல் மணியிலிருந்து கடைசிவரை அவர் தெரிந்துகொண்டது வாழ்க்கையில் அன்றுதான். மூன்றாம் பக்கத்தில், ‘திரையின் மூலையில் என் அக்கா கணவர் முதுகு தெரிந்தது, அவர் எழுந்து நிறுத்திவிடுவார் என்று நான் சும்மா இருந்தேன்’ என்ற இடத்தில் குரல் நின்றது. அந்த வரியை மனசுக்குள் இன்னொரு தடவை படித்தார் என்று நினைக்கிறேன். பிறகு போனைக் கண்ணுக்குக் கிட்டே கொண்டுபோனதையும் அதே குரலில் படித்து முடித்தார்.

நோட்டை என் பக்கம் திருப்பி, கடைசி வரிக்குக் கீழே விரலை வைத்தார். மணமான நாளிலிருந்து என்னை டேய் என்றும் வாடா என்றும் தவிர வேறு மாதிரிக் கூப்பிட்டதில்லை அவர்.

“இங்க கையெழுத்துப் போடுங்க, சார்,” என்றார்.